வேரித்தாஸ் வானொலியின் வரலாறு

சேலம் நகரிலிருந்து சேர்வராயன் மலைமீதேறி, ஏற்காட்டைக் கடந்து, காப்பித் தோட்டங்களினூடே வளைந்து செல்லும் பாதை வழியே சென்றால் மாரமங்கலம் என்னும் மலையூரை அடையலாம். யான் சிறுவனாயிருந்த காலத்தில் கோடை விடுமுறையை அவ்வூரில் உறவினர் இல்லத்திற் கழிப்பது வழக்கம். அண்டை வீட்டிலே தோட்டக் கணக்கர் ஒருவர் வாழ்ந்துவந்தார். அவரிடம் ஒரு டிரான்சிஸ்டர் வானொலிப் பெட்டி இருந்தது. அதன் ஏரியலோடு ஒரு செப்புக் கம்பியை முறுக்கி, மறுமுனையை முற்றத்துச் சில்வர் ஓக் மரத்தின் உயர்ந்த கிளையொன்றிற் கட்டியிருந்தார். பொழுது சாய்ந்து மூடுபனி இறங்கும் வேளையில் அவர் திண்ணையில் அமர்ந்து, பெட்டியின் திருகைச் சிறிது சிறிதாகத் திருப்புவார். இரைச்சலும் சீழ்க்கையும் கலந்த பலவகை ஒலிகளினிடையே திடீரெனத் தெளிந்த தமிழ்க் குரலொன்று எழும்.

"எங்கிருந்து பேசுகிறார்கள், தாத்தா?" என்று ஒருநாள் வினவினேன்.

"மணிலாவிலிருந்து, தம்பி" என்றார்.

எனக்கு வியப்புண்டாயிற்று. ஏனெனில், யான் அறிந்திருந்த மணிலா உண்ணும் பொருள். தென்னார்க்காட்டிற் பிறந்த என் அன்னையார் நிலக்கடலையை மணிலாக்கொட்டை என்றே கூறுவார். அஃது ஒரு நகரின் பெயர் என்பதும், பிலிப்பைன் தீவுகளின் தலைநகரம் என்பதும் அன்றுதான் எனக்குத் தெரியவந்தன. அத்தீவினர் நமக்கு எதற்காகத் தமிழிற் பேசவேண்டும் என்ற கேள்வியும் அன்றே உள்ளத்திற் பதிந்தது. பன்னாட்களுக்குப்பின் அவ்வானொலியின் வரலாற்றைத் தேடிக் கற்றபோதுதான் அதற்கு விடை கிடைத்தது. நம் கல்லூரி மாணவ நண்பர்களும் அறிந்து பயனடைதற்பொருட்டு, அவ்வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் கூறப் புகுகின்றேன்.

பெயரும் பிறப்பும்

சமயச் சங்கங்கள் வானொலியைக் கைக்கொண்டது வானொலி பிறந்த சில ஆண்டுகளுக்குள்ளேயே நிகழ்ந்ததாகும். 1931-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 12-ஆம் நாள், மார்க்கோனியார் தாமே நின்று அமைத்த வத்திக்கான் வானொலியைப் பதினோராம் பத்திநாதர் என்னும் போப்பாண்டவர் தொடங்கிவைத்தார். அவ்வாண்டே கிறிஸ்து பிறந்த நாளன்று, தென் அமெரிக்காவில் எக்குவடோர் நாட்டுக் கீட்டோ நகரிலே புராடஸ்டண்டு ஊழியர் சிலர் ஒரு நிலையத்தைத் தொடங்கினர். பிலிப்பைன் தீவுகளில், உலகப் பெரும்போர் ஓய்ந்த மூன்றாம் ஆண்டில், 1948 ஜூன் 4-ஆம் நாள், தூரக் கிழக்கு ஒலிபரப்புக் கழகம் என்னும் புராடஸ்டண்டுச் சங்கத்தார் மணிலாவிலிருந்து பேசத் தொடங்கினர்.

இவற்றிற்குப் பின் வந்ததே வேரித்தாஸ் வானொலி. 1958-ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்களில் தென்கிழக்கு ஆசியக் கத்தோலிக்க ஆயர்கள் மணிலாவிலுள்ள சாந்தோ தோமாஸ் சர்வகலாசாலையிற் கூடி ஆலோசித்தனர். ஆசியாவிலே பிலிப்பைன் தீவுகளில்தான் கத்தோலிக்கர் பெரும்பான்மையோராய் வாழ்ந்தனர். பிற நாடுகள் பலவற்றில் அவர் சிறு தொகையினரே. ஆதலின் ஆசிய மக்கள் அனைவருக்கும் அவரவர் தாய்மொழியிற் பேசத்தக்க ஒரு வானொலியை அத்தீவுகளில் நிறுவுதல் வேண்டும் என்று அவர்கள் தீர்மானித்தனர். தீர்மானம் எளிது, நிறைவேற்றம் அரிது. ஜெர்மனி நாட்டினின்று பொருளுதவி பெறப்பட்டது. நிலம், கட்டிடம், கருவி, பயின்ற மக்கள் ஆகிய யாவும் கைகூடுதற்குப் பத்தாண்டுகள் சென்றன. 1969 ஏப்ரல் 11-ஆம் நாள் கர்தினால் அந்தோனியோ சமோரே போப்பாண்டவரின் பிரதிநிதியாய் வந்து நிலையத்தைத் தொடங்கிவைத்தார். மறு ஆண்டு நவம்பர் 29-ஆம் நாள் ஆறாம் பவுல் என்னும் போப்பாண்டவரே நிலையத்துக்கு எழுந்தருளி, அங்கிருந்து ஆசிய மக்களுக்குச் செய்தி விடுத்தார்.

வேரித்தாஸ் என்பது லத்தீன் மொழிச் சொல். உண்மை என்பது அதன் பொருள். ஒரு நிலையத்தார் தமக்கு இப்பெயரை இட்டுக்கொள்வது அஞ்சத்தக்க செயல் என்றே கூறவேண்டும். ஏனைய பெயர்களைச் சூடியோர் தவறினால் தவறு மட்டுமே அவர்க்குரியதாகும். உண்மை என்று பெயர் சூடியோர் தவறினால் பெயரும் உடன் கெடும். இப்பெயருக்கு ஒரு நாள் கடுஞ்சோதனை வந்தது. அதனைக் கூறுமுன், அவ்வொலி நம் மலையூருக்கு வந்த காரணத்தையும் வழியையும் ஆராய்வோம்.

தமிழ் ஏன் கடல்கடந்து வந்தது?

நம் நாட்டில் வானொலிச் செய்தி வேட்கை நெடுங்காலமாக உள்ளதே. அகில இந்திய வானொலியின் சென்னை நிலையம் 1938-இலும் திருச்சிராப்பள்ளி நிலையம் 1939-இலும் தோன்றின. ஆயினும் 1885-ஆம் ஆண்டுத் தந்திச் சட்டத்தின்படி ஒலிபரப்பும் உரிமை அரசாங்கத்துக்கே உரியதாயிருந்தது. தனியாரோ சமயச் சங்கத்தாரோ சொந்தமாக ஒரு நிலையம் நிறுவுதற்கு இடமில்லை. இசையும் செய்தியும் சொற்பொழிவும் அரசாங்க நிலையங்களில் வந்தன. ஒரு சமயத்தார் தம் நெறியைத் தம் பொறுப்பில் நாள்தோறும் எடுத்துரைக்க விரும்பினால் எல்லைக்கு அப்பாலிருந்தே பேசவேண்டியதாயிற்று. இதனாலேதான் தமிழ்ச் சமய ஒலிபரப்பு கடல்கடந்து வந்தது. இந்துமாக்கடலிலுள்ள செஷெல்ஸ் தீவுகளிலிருந்து பீபா என்னும் புராடஸ்டண்டுச் சங்கத்தார் 1970 முதல் 2003 வரை சிற்றலையில் இந்திய மொழிகளிற் பேசிவந்தனர். மேற்கே வத்திக்கான் வானொலியும் தமிழிற் பேசியது. கிழக்கே மணிலாவில் வேரித்தாஸ் தமிழ்ப்பணி நடைபெற்றது. தமிழோடு சிங்களம், தெலுங்கு, இந்தி, வங்காளம், உருது, பர்மியம், வியட்னாமியம், சீனம் முதலிய பல மொழிகளிலும் அந்நிலையம் பேசிற்று.

இதில் ஒரு நுட்பமுண்டு. தமிழ்நாட்டிலிருந்து மணிலாவிற்குச் சென்று தங்கிய சிலர், தம்மைச் சுற்றிலும் தமிழறிந்தார் ஒருவருமில்லாத ஊரில் இருந்துகொண்டு, நாள்தோறும் தமிழிற் பேசினர். அங்கே கடிகாரம் நம் நாட்டினும் இரண்டரை மணி முந்திச் செல்வது. தாம் பேசுவதை எவரேனும் கேட்கின்றாரா என்பதை அவர் அறிய இருந்த வழி நேயர் கடிதமே. அஞ்சலட்டையொன்று இங்கிருந்து அங்குச் சென்று சேர நாட்கள் பல ஆகும். எங்கள் கணக்கர் தாத்தாவும் எழுதினார். ஒலி எவ்வளவு தெளிவாகக் கேட்டது, எந்நாள், எந்நேரம் என்று குறித்து எழுதினால், நிலையத்தார் வண்ணப் படம் அச்சிட்ட உறுதியட்டை ஒன்றை அனுப்புவர். அவர் அவ்வட்டைகளைக் கண்ணாடிச் சட்டமிட்டுச் சுவரில் மாட்டியிருந்தார். தோட்டத்துக் கூலிக்கணக்கைத் தவிர வேறு எழுதியறியாத ஒருவர்க்கு அயல்நாட்டிலிருந்து பெயர் குறித்து ஒரு மறுமொழி வருதல் சிறு காரியமன்று.

ஒலி வந்த வழி

மணிலாவுக்கு வடமேற்கே ஸாம்பாலேஸ் மாகாணத்திற் பாலவ்விக் என்னும் கடற்கரையூரில் வேரித்தாஸின் சிற்றலை ஒலிபரப்பிகள் இருந்தன. அவை 250 கிலோவாட் ஆற்றலுடையவை. அங்கிருந்து சேலம் மாவட்டம் 4,500 கிலோமீட்டர்த் தொலைவிலுள்ளது. பூமி உருண்டையாதலின் நேர்க்கோட்டிற் செல்லும் அலை இத்துணைத் தொலைவுக்கு எட்டாது; விண்ணிலேயே போய்விடும். பின் எங்ஙனம் வந்தது?

நிலத்திற்கு மேலே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் முதல் சில நூறு கிலோமீட்டர் உயரம்வரை, சூரியனுடைய கதிர்களால் மின்னேற்றம் பெற்ற காற்றடுக்குகள் உள்ளன. இவற்றை அயனி மண்டலம் என்பர். சிற்றலைகள் சாய்வாக மேலெழுந்து இம்மண்டலத்தை அடையுங்கால், வளைந்து மீண்டும் பூமியை நோக்கித் திரும்புகின்றன. ஒரு தாவலில் மிகுதியாய்க் கடக்கக்கூடிய தொலைவு 4,000 கிலோமீட்டர் அளவே. ஆகவே பாலவ்விக்கில் எழுந்த அலை வானில் ஒரு முறை வளைந்து, இடைவழியிற் கடலிலோ நிலத்திலோ பட்டெழுந்து, மீண்டும் ஒருமுறை வானில் வளைந்தே சேர்வராயன் மலையை அடைந்திருத்தல் வேண்டும். சிறுவர் குளத்தில் ஓட்டாஞ்சில்லை வீசித் தவளைப்பாய்ச்சல் விடுவதை இதற்கு உவமையாகக் கொள்ளலாம். அயனி மண்டலம் பகலிலும் இரவிலும், கோடையிலும் மாரியிலும் வேறுபடுமாதலின், நிலையத்தார் காலத்துக்கேற்ப அலைவரிசையை மாற்றுவர். கணக்கர் திருகைச் சிறிது சிறிதாகத் திருப்பித் தேடியதன் காரணம் இதுவே.

மலைநாட்டார்க்குச் சிற்றலையால் விளைந்த நன்மையை ஈண்டுச் சிறப்பாக நோக்குதல் தகும். பண்பலை, தொலைக்காட்சி, கைப்பேசி ஆகியவற்றின் அலைகள் பெரும்பாலும் நேர்ப்பார்வையிற் செல்வன. கோபுரத்துக்கும் வீட்டுக்கும் இடையே ஒரு குன்று நின்றால் அக்குன்றின் நிழலில் உள்ளோர்க்கு அவை தடைப்படும். கோடைக்கானல் வானொலி போன்ற நிலையங்களின் ஒலிபரப்பியை உயர்ந்த மலைமீது அமைத்ததும் இதனாலேயே. அது குன்றின்மேலிட்ட விளக்கைப் போன்றது. சிற்றலையோ பக்கத்திலிருந்து வருவதன்று. மழையைப் போல வானிலிருந்து இறங்குவது. பள்ளத்தாக்கிலிருப்பவனுக்கும் மலைமுகட்டிலிருப்பவனுக்கும் அது வேற்றுமை பாராட்டுவதில்லை. வேண்டுவன ஒரு பெட்டி, சில பேட்டரிக் கட்டைகள், ஒரு செப்புக் கம்பி ஆகிய இவையே.

சோதனை வந்த நாட்கள்

நிற்க. இனி அந்நிலையத்தின் பெயருக்கு வந்த சோதனையைக் கூறுவேன்.

பிலிப்பைன் நாட்டிற் குடியரசுத் தலைவராயிருந்த பெர்டினாண்டு மார்க்கோஸ் 1972 செப்டம்பரில் இராணுவச் சட்டத்தைப் பிரகடனஞ் செய்தார். பத்திரிகைகளும் வானொலிகளும் மூடப்பட்டன. மீண்டும் திறக்கப்பட்டவை அரசினர் விரும்பியதையே பேசின. 1983 ஆகஸ்டு 21-ஆம் நாள், எதிர்க்கட்சித் தலைவர் பெனிக்னோ அக்கினோ அயல்நாட்டினின்று திரும்பி மணிலா விமான நிலையத்தில் இறங்கியபோது சுட்டுக் கொல்லப்பட்டார். அவருடைய இறுதி ஊர்வலத்திலே இலக்கக்கணக்கான மக்கள் திரண்டனர். ஏனைய நிலையங்கள் அதனை மறைத்தும் குறைத்தும் கூறியிருக்க, வேரித்தாஸ் நேரில் நின்று ஒலிபரப்பிற்று. தம் கண்ணாற் கண்டதற்கும் வானொலியிற் கேட்டதற்கும் மாறுபாடில்லை என்பதை மக்கள் அன்று அறிந்தனர். நம்பிக்கை என்பது இவ்வாறே பிறக்கின்றது.

1986 பிப்ரவரி 7-ஆம் நாள் நடைபெற்ற தேர்தலில் மார்க்கோஸை எதிர்த்து அக்கினோவின் மனைவியார் கொரசோன் அம்மையார் நின்றார். அரசாங்கத்தின் வாக்குக் கணக்கு ஒரு விதமாகவும், குடிமக்கள் சங்கத்தின் கணக்கு வேறு விதமாகவும் இருந்தன. எண்ணிக்கையில் வஞ்சனை நிகழ்கின்றதென்று கணிப்பொறி ஊழியர் பலர் பணியிடத்தை விட்டு வெளியேறினர். பிப்ரவரி 22-ஆம் நாள், பாதுகாப்பு மந்திரி என்ரிலேயும் படைத்துணைத் தலைவர் ராமோஸும் மார்க்கோஸைக் கைவிட்டுச் சிறு படையுடன் இராணுவ முகாமில் அரண்புகுந்தனர். அன்றிரவு மணிலாப் பேராயர் கர்தினால் ஹைமே சின் வேரித்தாஸ் வானொலியிற் பேசினார். முகாமிலுள்ளோர்க்கு உணவு கொண்டு செல்லுமாறும், அவர்களைச் சூழ்ந்து நின்று காக்குமாறும் மக்களை வேண்டினார். எட்ஸா என்னும் பெருஞ்சாலையை மக்கள் நிறைத்தனர். பீரங்கி வண்டிகளுக்கு முன்னே ஜெபமாலையும் பூவும் ஏந்தி நின்றனர்.

மறுநாட் காலை, ஆயுதந் தாங்கிய ஒரு கூட்டத்தார் புலாக்கான் மாகாணத்து மலோலோஸ் நகரிலிருந்த வேரித்தாஸ் ஒலிபரப்பியைத் தகர்த்தனர். நிலையத்தார் ஆற்றல் குறைந்த மாற்றுக் கருவியால் அன்று பகல் முழுவதும் பேசினர். மாலையில் அதுவும் ஓய்ந்தது. ஆனால் அந்நிலையத்தின் ஒலிபரப்பாளர் ஜூன் கீத்லி அம்மையார் நள்ளிரவில் வேறொரு நிலையத்திற் புகுந்து, இடம் இன்னதென்று வெளிப்படுத்தாமல், 'ரேடியோ பந்திடோ', அஃதாவது கொள்ளைக்காரன் வானொலி, என்ற பெயரில் விடிய விடியப் பேசினார். மக்கள் அக்குரலை இனங்கண்டுகொண்டனர். பெயர் மாறியது, அலைவரிசை மாறியது, ஒலிபரப்பி மாறியது. ஆயினும் சாலையில் நின்றோர் கலையவில்லை. பிப்ரவரி 25-ஆம் நாள் மார்க்கோஸ் நாட்டைவிட்டு ஓடினார். அவ்வாண்டே வேரித்தாஸுக்கு ரமோன் மக்ஸாஸே விருது அளிக்கப்பட்டது. நம் இசையரசி எம். எஸ். சுப்புலட்சுமி அம்மையார் 1974-இற் பெற்ற விருதும் இதுவே.

உடைமையும் நம்பிக்கையும்

இதனைக் கேட்டோர், "சமயச் சங்கங்கள் வானொலியும் தொலைக்காட்சியும் நடத்துதல் நன்றே" என்று முடிவு கட்டிவிடுதல் எளிது. அங்ஙனம் முடித்தல் அவசரமாகும். அதே 1986-ஆம் ஆண்டுத் தேர்தலில், பிலிப்பைன் நாட்டின் மற்றொரு பெருஞ்சபையாகிய இக்லேசியா நி கிறிஸ்து மார்க்கோஸையே ஆதரித்தது. அச்சபையைச் சார்ந்த ஈகிள் ஒலிபரப்பு நிறுவனத்தார் 1999-இல் 'நெட் 25' என்னும் தொலைக்காட்சி நிலையத்தையும் தொடங்கினர். நம் நாட்டிலும், திருமலை திருப்பதி தேவஸ்தானத்தார் 2008-இல் வேங்கடேசுவர பக்தித் தொலைக்காட்சியை நிறுவினர். நிலையம் இருந்தால் மட்டும் உண்மை பேசப்படும் என்பதற்கு உறுதியில்லை. சமயத்தின் பெயர் முகப்பில் இருப்பதனாலும் உறுதியில்லை.

ஒலிபெருக்கியின் ஆற்றல் நன்மைக்குப் பயன்படுவது போலவே தீமைக்கும் பயன்படும். 1994-இல் ருவாண்டா நாட்டில் ஆர்.டி.எல்.எம். என்னும் தனியார் வானொலி, ஓரினத்தார்மீது மற்றோரினத்தாரை ஏவிக் கொலைக்குத் தூண்டிற்று. அதுவும் மக்கள் விரும்பிக் கேட்ட வானொலியே. இத்தகைய அச்சங்களாலேதான் போலும், நம் அரசினர் 2005-இல் வகுத்த தனியார் பண்பலை நெறிமுறைகளிற் சமயச் சங்கங்களும் அரசியற் கட்சிகளும் உரிமம் பெறத் தகுதியற்றனவென விலக்கப்பட்டன. இவ்விலக்கு முற்றும் சரியென்று யான் கூறவில்லை. இவ்விலக்கு மணிலாவில் இருந்திருப்பின் 1986-இன் வேரித்தாஸ் இருந்திராது. ஆயினும் பல சமயத்தார் நெருங்கி வாழும் நாட்டில், ஒவ்வொருவர் கையிலும் ஒவ்வோர் ஒலிபரப்பி இருப்பதன் அபாயத்தையும் புறக்கணித்தற்கில்லை.

அங்ஙனமாயின் வேரித்தாஸ் வென்றது எதனால்? அந்நிலையம் அரசினர்க்கு உடைமையன்று. விளம்பரம் தரும் வணிகர்க்கும் உடைமையன்று. ஆகவே மற்றையோர் அஞ்சிய வேளையில் அது பேச இயன்றது. சபையின் உடைமை அதற்குப் பேசும் வசதியை அளித்தது என்க. ஆனால் மக்கள் அதனைக் கேட்டு வீதிக்கு வந்தது உடைமையினாலன்று. 1983 முதல் மூன்றாண்டுகள் அது சொன்ன செய்தி பொய்க்காமையினாலேயே. வசதி ஒரு நாளிற் கிடைக்கும். நம்பிக்கை நாள்தோறும் ஈட்டப்படுவது. மலோலோஸில் இரும்பைத் தகர்த்தவர்கள் இதனை உணர்ந்திலர்.

சிற்றலை ஓய்ந்த நாள்

1991-க்குப்பின் பிலிப்பைன் மக்களுக்குரிய வேரித்தாஸ் வேறாகவும், ஆசிய மொழிகளுக்குரிய வேரித்தாஸ் ஆசியா வேறாகவும் பிரிந்து நடைபெறலாயின. பின்னதை ஆசிய ஆயர் பேரவையினர் மேற்பார்த்து வந்தனர். காலம் மாறிற்று. 250 கிலோவாட் ஒலிபரப்பிகள் விழுங்கும் மின்சாரம் சிறிதன்று. கேட்போரோ கைப்பேசியை நோக்கித் திரும்பினர். 2018 ஜூன் 30-ஆம் நாளோடு வேரித்தாஸ் ஆசியா தன் சிற்றலை ஒலிபரப்பை நிறுத்திக்கொண்டு இணையவழிக்கு மாறிற்று. வேறு பல நாடுகளின் சிற்றலை நிலையங்களும் முன்பின்னாக இதே வழியிற் சென்றன.

இம்மாற்றம் தவிர்க்கவியலாததே. இணையத்தில் ஒலியோடு படமும் செல்லும். விரும்பிய நேரத்திற் கேட்கலாம். மறுமொழி நொடியில் வரும். ஆயினும் கணக்கை நேர்மையாக எழுதப் புகுவோர் இழப்பையும் எழுதல் வேண்டும். சிற்றலைக்குக் கட்டணமில்லை, கோபுரமும் வேண்டுவதில்லை, யார் கேட்கின்றார் என்பதை எந்த அரசினரும் அறிய இயலாது. இணையமோ இம்மூன்றையும் கேட்கின்றது: பணம் வேண்டும், அருகிற் கோபுரம் வேண்டும், கேட்போன் தன் அடிச்சுவட்டை விட்டுச் செல்லவும் வேண்டும். மலைச்சரிவில் அலை எட்டாத வீட்டிலிருப்போரையும், புதுக்கருவி பழகாத முதியோரையும், அடக்குமுறை நாடுகளில் ஒளிந்து கேட்போரையும் இம்மாற்றம் கரையிலேயே விட்டுப் படகைச் செலுத்திற்று. அவர்க்குச் செய்யவேண்டிய கடமை ஒன்று ஒலிபரப்பாளர் அனைவர்க்கும் எஞ்சியுள்ளது.

எங்கள் கணக்கர் தாத்தா சிற்றலை ஓயுமுன்னரே காலஞ்சென்றார். சிலவாண்டுகட்குமுன் மாரமங்கலம் சென்றபோது அவ்வீட்டைக் கண்டேன். உறுதியட்டைகள் சுவரில் இல்லை. சில்வர் ஓக் மரம் மட்டும் முன்னிலும் உயர்ந்து நின்றது. அண்ணாந்து நோக்கினேன். செப்புக் கம்பியின் ஒரு துண்டு, மரப்பட்டை வளர்ந்து மூடியதுபோக எஞ்சி, கிளையிற் பதிந்து கிடந்தது.

மாணவ நண்பர்காள்! அன்று ஓர் ஒலிபரப்பியை நிறுவ ஆயர்கள் பலர் கூடிப் பத்தாண்டுகள் உழைக்கவேண்டியிருந்தது. இன்று உங்கள் சட்டைப்பையில் உள்ள கைப்பேசி கடல்கடந்து பேச வல்லது. வசதி எல்லோர்க்கும் வந்துவிட்டது. மூன்றாண்டுகள் பொய்யுரையாது பேசியமையால் ஒரு நிலையம் பெற்ற நம்பிக்கையோ இன்னும் அவ்வழியாலன்றி வருவதில்லை. ஒரு செய்தியைப் பிறர்க்கு அனுப்புமுன், இது மெய்தானா என்று ஒரு கணம் ஆராய்ந்து நிற்பீர்களாயின், அந்நிலையத்தார் தமக்கு இட்டுக்கொண்ட பெயரின் பொருளை நீவிரும் காத்தவராவீர்.